அமலன் ஊதாத இருபது நிமிடம்

திருச்சியில் என் பேண்டு செட்டில் அப்பா காலத்திலிருந்தே ஒரு சட்டம் உண்டு. வாத்தியத்தைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா நடப்பவனுக்கு அன்றைக்குப் படி கிடையாது. கல்யாண ஊர்வலமோ, மாதா கோயில் தேரோ, கிளம்பிய இடத்திலிருந்து சேருகிற இடம் வரை ஊத வேண்டும். கூட்டிக்கொண்டு போனவர்கள் அதற்குத்தான் கூப்பிட்டார்கள். இந்தச் சட்டத்தையும் சேர்த்து மூட்டை கட்டிக்கொண்டுதான் நான் ஜெர்மனிக்குப் போனேன்.

போகக் காரணம் அமலன். மன்னாரிலிருந்து படகில் வந்து, திருச்சி முகாமில் இருந்த நாட்களில் எங்கள் பேண்டில் இரண்டு வருடம் டிராம்போன் ஊதியவன். அப்பாதான் சொல்லிக்கொடுத்தார். பிறகு எப்படியோ ஜெர்மனிக்குப் போய், கெல்சென்கிர்ச்சனில் ரொட்டித் தொழிற்சாலை ஒன்றில் வேலைக்குச் சேர்ந்து, அங்கேயே குடும்பம், வீடு எல்லாம் ஆகிவிட்டது. கிறிஸ்துமஸுக்கு ஒரு போன், அப்பா இறந்த நாளுக்கு ஒரு போன் என்று விடாமல் தொடர்பு வைத்திருந்தான். இந்த வருடம் நடுவில் ஒரு போன் வந்தது.

“பவுல் அண்ணை, எனக்கு முன் பல்லு ரெண்டும் ஆடுது. கழட்டப் போகினம். டெர்மின் தந்தாச்சு. அதுக்குப் பிறகு ஊத ஏலாது. நீங்கள் வந்து என்ர டிராம்போனைக் கொண்டு போங்கோ. அது பேண்டுக்குத்தான் போக வேணும்.”

டெர்மின் என்றால் ஜெர்மன்காரர்கள் நாளும் நேரமும் குறித்துக் கொடுப்பது. தவறவிட்டால் அடுத்தது எப்போது கிடைக்கும் என்று கடவுளுக்கே தெரியாதாம். டிராம்போன்காரனுக்கு முன்பல்தான் அஸ்திவாரம். மவுத்பீஸ் உதட்டில் உட்காரும், உதடு பல்லில் உட்காரும். பல் கட்டிக்கொண்டு மறுபடி பழகலாம்தான். ஐம்பத்தேழு வயதில் முதலிலிருந்து தொடங்க அவனுக்கு மனமில்லை. பல் பிடுங்குவதற்கு இரண்டு நாள் முன்னால், ஞாயிற்றுக்கிழமை, அவன் குழுவின் கச்சேரி. “அதையும் பாத்துப்போட்டுப் போகலாம்” என்றான்.

புதன்கிழமை போய்ச் சேர்ந்தேன். ஒரு காலத்தில் நிலக்கரி தோண்டிய ஊர். சுரங்கங்களை மூடிவிட்டார்கள், அவற்றின் இரும்புக் கோபுரங்களை மட்டும் பெயிண்ட் அடித்து வைத்திருக்கிறார்கள். தெருவில் மனிதர்கள் குறைவு, நாய்கள் அதிகம், எல்லா நாய்க்கும் கையில் ஆள் உண்டு. ஹாரன் சத்தமே இல்லை. திருச்சி மெயின்கார்டுகேட்டில் ஐந்து நிமிடம் நின்றால் கேட்கிற ஹாரனை இவர்கள் ஒரு வருடத்துக்கு வைத்துக்கொள்வார்கள் போலிருக்கிறது.

அமலன் வீடு மூன்றாம் மாடி. அவன் மனைவி ஸ்டெல்லா, யாழ்ப்பாணத்துப் பெண், முதியோர் இல்லத்தில் வேலை. இடியப்பமும் சொதியும் வைத்தாள். நான் கை கழுவுவதற்குள் அமலன் படுக்கையறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். உள்ளேயிருந்து ஒரு வண்டு பாட்டிலுக்குள் மாட்டிக்கொண்டது மாதிரி முனகல் வந்தது.

“என்னம்மா அது?” என்றேன்.

“அவர்தான் பழகிறார். வாயில ஒரு டெம்ப்ஃபரை அடைச்சுப்போட்டுத்தான் ஊதுறது. இல்லாட்டி மேல் வீட்டுக் கிழவி சண்டைக்கு வந்திடுவா.”

டிராம்போனின் வாயை ஒரு அடைப்பானால் மூடித்தான் இத்தனை வருடமாக வீட்டில் ஊதியிருக்கிறான். அப்பா இருந்திருந்தால் அழுதிருப்பார். காவிரிக்கு அந்தக் கரையில் கேட்க வேண்டும் என்று சொல்லிக்கொடுத்த ஆள் அவர்.

வியாழன் சாயந்திரம் ஒத்திகைக்குக் கூட்டிக்கொண்டு போனான். பள்ளிக்கூடத்துச் சாப்பாட்டுக்கூடம். ஐம்பது, அறுபது பேர். எல்லோரும் வேறு வேறு வேலை பார்த்துக்கொண்டு பிரியத்துக்காக வாசிக்கிறவர்கள். தபால்காரர், மருந்துக்கடைப் பெண், ஓய்வு பெற்ற சுரங்கத் தொழிலாளி. குழுவை நடத்துகிறவர் அந்தப் பள்ளி ஆசிரியை. கையில் சின்னக் குச்சி, காலில் ஓட்டப்பந்தய ஷூ. சிம்பொனியின் இரண்டாம் பாகத்தை எடுத்தார். அது முடிய மூன்றாம் பாகம். வயலின்காரர்கள் தேய்த்துத் தள்ளினார்கள், புல்லாங்குழல் பறந்தது. கடைசி வரிசையில் அமலன் டிராம்போனை முழங்காலில் நிறுத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

அரை மணி நேரம் பார்த்தேன். ஒரு மணி நேரம் பார்த்தேன். ஒரு முறைகூட அதை உதட்டில் வைக்கவில்லை. எனக்குக் காது சூடாகிவிட்டது. எங்கள் பையனை, என் அப்பா கைப்பிடித்துச் சொல்லிக்கொடுத்தவனை, ஆள் கணக்குக்கு உட்கார வைத்திருக்கிறார்கள் என்றே நினைத்தேன். இடைவேளையில் நேரே ஆசிரியையிடம் போய், எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில், “மேடம், நான் பேண்டு மாஸ்டர். இவன் நல்ல ஆள். இவனுக்கும் கொஞ்சம் ஏதாவது கொடுங்கள்” என்று சொல்லிவிட்டேன்.

அவர் சிரிக்கவில்லை. அது அவருடைய பெருந்தன்மை. அமலனின் ஸ்டாண்டிலிருந்து தாளை எடுத்துக் காட்டினார். முதல் பாகம் என்று போட்டு ஒரே ஒரு சொல். இரண்டாம் பாகம், அதே சொல். மூன்றாம் பாகம், அதே சொல். “ஊத வேண்டாம் என்று அர்த்தம். எழுதியவரே அப்படி எழுதியிருக்கிறார்” என்றார். அதற்குக் கீழேதான் நான்காம் பாகம் தொடங்குகிறது. அங்கே தாளே கறுப்பாகத் தெரியும் அளவுக்கு ஸ்வரங்கள்.

“நான்காம் பாகத்தை எப்போது ஒத்திகை பார்ப்பீர்கள்?”

“போன வாரமே முடித்துவிட்டோம். இவர் இன்றைக்கு வர வேண்டியதே இல்லை. ஆனால் எப்போதும் வருவார்.”

வெள்ளிக்கிழமை அமலனுக்கு விடுமுறை. கால்வாய்க் கரையோரம் நடந்தோம். சாஸேஜை நறுக்கி அதன்மேல் கறித்தூள் தூவித் தருகிற ஒரு பண்டத்தை வாங்கிக்கொடுத்தான். கறித்தூளுக்கும் இவர்களுக்கும் அறிமுகம் உண்டு, பழக்கம் இல்லை. சாப்பிட்டுக்கொண்டே கேட்டேன். “ஏம்ப்பா, ஊத வேண்டாத நாளில் எதுக்குப் போய் உட்கார்ற?”

“முழுசையும் கேட்டால்தான் அண்ணை கடைசியில மூச்சு சரியா வரும்.”

அன்று அவன் எனக்குச் சிம்பொனியின் பூர்வீகத்தையே சொன்னான். முதலில் அது தனிக் கச்சேரியே இல்லையாம். இத்தாலியில் இசை நாடகம் தொடங்குமுன் பேசிக்கொண்டிருக்கிற கூட்டத்தை அடக்க வாசித்தது. எங்கள் பேண்டு மண்டப வாசலில் ஆள் சேரும் வரை ஊதுகிற மாதிரி. கேட்டவர்களுக்கு அதுவே பிடித்துப்போய், நாடகம் இல்லாமலே கேட்க ஆரம்பித்தார்கள். வேகம், நிதானம், மறுபடி வேகம் என்று மூன்று துண்டு. நடுவில் அரண்மனை நடனம் ஒன்றைச் செருகி நான்கு. பிரபு வீட்டில் ஊழியராக இருந்த ஒருவர் நூற்றுக்கு மேல் எழுதித் தள்ளினாராம். அவருக்குப் பின்னால் வந்தவர், காது போய்க்கொண்டிருந்த நிலையில், அந்த நடனத்தைப் பிடித்து ஓட விட்டார். முதல் பாகத்தில் கிளப்பிய கவலைக்குக் கடைசிப் பாகம் வரை பதில் சொல்லாமல் இழுத்தார். இவர்கள் பெயர்களை நான் எழுதவில்லை. தமிழில் எப்படி எழுதினாலும் தப்பு என்று கடிதம் போட ஒருவர் இருப்பார்.

“டிராம்போன் எங்க இருந்து வந்தது தெரியுமோ? கோயிலில இருந்து. பாடுறவைக்குத் துணையா ஊதினது. நாடகத்தில பேய் வந்தாலும் கூப்பிடுவினம். சிம்பொனிக்குள்ள கூட்டிக்கொண்டு வந்தவர் கடைசிப் பாகத்துக்கெண்டுதான் கூட்டிக்கொண்டு வந்தவர். முதலே ஊதிப்போட்டால் பேந்து என்ன மிச்சம்?”

எங்கள் தொழிலில் பாட்டு மூன்று நிமிடத்துக்கு ஒரு முறை மாற வேண்டும். மாறாவிட்டால் மாப்பிள்ளையின் மாமா வந்து தோளைத் தட்டுவார். இங்கே சின்னதாக ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு, அதை உடைத்து, திருப்பிப் போட்டு, ஒளித்து வைத்து, கேட்கிறவன் மறந்திருக்கும் நேரத்தில் திரும்பக் கொண்டுவருகிறார்கள். பாட்டுக்கு வார்த்தை இல்லை, முன்னால் நிற்கிற பெரிய வித்வான் இல்லை. அறுபது பேர் சேர்ந்து ஒரு கதையை அரை மணி நேரம் சொல்கிறார்கள். அதில் எனக்குப் பொறாமைகூட வந்தது.

“ஸ்டெல்லா கேட்டிருக்காளா?”

அமலன் சாஸேஜ் குச்சியை மடக்கிக் குப்பைத்தொட்டியில் போட்டான். “ரெண்டு வருசத்துக்கு முன்னம் வந்தவ. இதே மாதிரி ஒண்டுதான். நான் தூக்கி வாயில வைச்சிட்டுப் பாக்கிறன், அவ இருந்த கதிரை வெறுமையாக் கிடக்குது. எழும்பிப் போயிட்டா. அவவுக்கு இது பிடிக்கேல்லை, என்ன செய்யிறது? நானும் கேக்கேல்லை, அவவும் சொல்லேல்லை.” கொஞ்ச தூரம் நடந்த பிறகு, “இந்த முறை மட்டும் வந்தால் காணும். இனி முறை இல்லைத்தானே” என்றான். நான் கூட்டிக்கொண்டு வருகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன். வாக்குக் கொடுப்பதில் எங்கள் குடும்பம் என்றைக்கும் பின்வாங்கியதில்லை.

சனிக்கிழமை ஒடியல் கூழ், காய்ந்த பனங்கிழங்கு மாவில் காய்ச்சுவது. நண்டும் இறாலும் பலாக்கொட்டையும் போட்டு ஒரு பெரிய சட்டி. அமலன் வேலைக்குப் போயிருந்தான். இரண்டாவது கிண்ணம் வாங்கிக்கொண்டு பேச்சை எடுத்தேன். ஸ்டெல்லா அகப்பையைக் கீழே வைத்தாள்.

“அண்ணை, உங்களுக்குச் சொல்லுறதுக்கு என்ன. அவரைச் சும்மா இருத்தி வைச்சிருக்கினம். எல்லாரும் வாசிக்கினம், இவர் மட்டும் பிள்ளையை மடியில வைச்ச மாதிரி வைச்சுக்கொண்டு இருக்கிறார். எனக்குப் பக்கத்தில இருந்த மனுசி அவரைக் காட்டித் தன்ர புருசனுக்கு என்னவோ சொல்லிச் சிரிச்சா. எனக்குப் பாத்துக்கொண்டு இருக்க ஏலாமப் போச்சு. எழும்பி வந்திட்டன்.”

“அவனுக்குக் கடைசியிலதாம்மா வேலை. நானே தாளைப் பாத்தேன். மூணு பாகத்துக்கும் ஊத வேண்டாம்னு எழுதியே இருக்கு.”

“எழுதி வைச்சோ சும்மா இருத்துகினம்?” அவள் கோபம் கூடிவிட்டது. “ஊதுறதெண்டால் வீட்டில வந்து ஒரு நாள் சொல்லியிருக்க மாட்டாரோ? நான் கேட்டது அந்த வண்டுச் சத்தம்தான். இத்தினை வருசமா அந்தச் சத்தத்துக்காகவோ கிழமைக்குக் கிழமை போறார்?”

நான் மேலே வாதாடவில்லை. விருந்தாளியைத் தனியாக அனுப்பக்கூடாது என்பதற்காக வருகிறேன் என்றாள். அது போதும் என்று இருந்துவிட்டேன்.

ஞாயிறு கச்சேரி ஐந்து மணிக்கு, ஒரு பழைய சுரங்கத்தின் இயந்திரக் கூடத்தில். முதலில் வயலின்களுக்கு மட்டும் ஒரு சின்ன உருப்படி, பிறகு சிம்பொனி, இடைவேளை கிடையாது. அமலன் மூன்று மணிக்கே போய்விட்டான். போகும்போது கதவருகில் என்னிடம், “பிந்தினால் பாகத்துக்கு நடுவில விடமாட்டினம். ரெண்டாம் பாகம் முடியிறதுக்கிடையில வந்திடுங்கோ. மூண்டுக்கும் நாலுக்கும் இடைவெளி இல்லை, ஒட்டித்தான் வரும்” என்றான்.

ஸ்டெல்லா வேலை முடிந்து வர நாலரை மணி ஆகிவிட்டது. உடுப்பு மாற்றிக்கொண்டு டிராமில் ஏறினோம். நான்கு நிறுத்தம்தான். இரண்டாவது தாண்டியதும் டிராம் நின்றது. தண்டவாளத்தின் மேல் ஒரு வெள்ளைக் கார். ஆள் இல்லை. டிரைவர் மணியை அடித்தார், அடித்துக்கொண்டே இருந்தார். ஜெர்மனியில் நான் கேட்ட அதிகபட்சச் சத்தம் அதுதான். முன் இருக்கைக் கிழவி சொன்னதை ஸ்டெல்லா மொழிபெயர்த்தாள்: “இவன் கேக் வாங்கப் போயிருப்பான். ஞாயிற்றுக்கிழமை வேறெதற்கு இப்படி நிறுத்துவான்?” பத்து நிமிடம் கழித்து ஒருவர் உண்மையிலேயே கேக் பெட்டியோடு வந்தார். யாரும் அவரை அடிக்கவில்லை, திட்டவில்லை. போலீஸ் வந்து எழுதிக்கொள்ளட்டும் என்று எல்லோரும் காத்திருந்தார்கள். திருச்சியாக இருந்தால் நாலு பேர் சேர்ந்து காரைத் தூக்கியே நகர்த்தியிருப்போம். நான் ஸ்டெல்லாவை இறக்கி நடக்க வைத்தேன். நடந்தோம் என்று சொல்வது மரியாதைக்கு, ஓடினோம்.

கூடத்துக் கதவு சாத்தியிருந்தது. வாசலில், கழுத்தில் பட்டாம்பூச்சி மாதிரி வில் டை கட்டிய ஒரு பெரியவர். உள்ளே சிம்பொனி தொடங்கிவிட்டது. “முதல் பாகம் முடிந்ததும் திறக்கிறேன்” என்று சொல்லிக் கைப்பிடியில் கை வைத்துக்கொண்டு நின்றார். முதல் பாகம் முடிந்தது. அவர் கைப்பிடியைத் திருப்பவும் ஆசிரியை மூச்சு விடாமல் இரண்டாம் பாகத்தைத் தொடங்கவும் சரியாக இருந்தது. பெரியவர் கையை எடுத்துவிட்டுத் தோளைக் குலுக்கினார்.

ஸ்டெல்லா பெஞ்சில் உட்கார்ந்தாள். “போவம் அண்ணை. எனக்கு நாளைக்கு விடிய வேலை.”

“பத்து நிமிஷம்மா.”

“உள்ள போயும் அதைத்தானே பாக்கப் போறம்.”

எனக்குப் பயம் வந்துவிட்டது. ஊரில் எத்தனையோ ஊர்வலத்தை மழைக்கும் லாரிக்கும் நடுவில் நடத்தியிருக்கிறேன், இப்படி ஒரு கதவிடம் மாட்டிக்கொண்டதில்லை. பெரியவரிடம் போய், உள்ளே கைகாட்டி, ஸ்டெல்லாவைக் காட்டி, டிராம்போன் ஸ்லைடை இழுப்பதுபோல் இழுத்துக் காட்டி, என் இரண்டு முன்பல்லையும் பிடித்து ஆட்டிக் காட்டினேன். அவருக்கு என்ன புரிந்ததோ, ஸ்டெல்லாவிடம் ஜெர்மனில் ஏதோ கேட்டார். அவள் பதில் சொன்னாள். இரண்டாம் பாகத்தின் கடைசி ஒலி அடங்கிய அந்த நொடியில் கதவைத் திறந்து, எங்கள் இருவரையும் முதுகில் கை வைத்து உள்ளே தள்ளிவிட்டார்.

கடைசி வரிசையில் இரண்டு நாற்காலி. உட்காருவதற்குள் மூன்றாம் பாகம் தொடங்கிவிட்டது. மேடையின் பின்வரிசையில் அமலன், கறுப்புக் கோட்டு, டிராம்போன் முழங்காலில். ஸ்டெல்லா என் காதில், “பாத்தீங்களோ” என்றாள். அவன் முகத்தை நான் பார்த்தேன். சும்மா இருக்கிறவனின் முகம் இல்லை அது. ஒவ்வொரு வாத்தியத்தையும் கூடவே போய் வழியனுப்பிக்கொண்டிருந்தான்.

மெட்டு தேய்ந்துகொண்டே வந்தது. வயலின்களை வில்லால் தேய்ப்பதை விட்டு விரலால் கிள்ளினார்கள். பிறகு அதுவும் போய், பெரிய முரசு மட்டும் மெதுவாகத் தட்டிக்கொண்டிருந்தது. கச்சேரி முடிந்துவிட்டது என்று நினைத்து ஸ்டெல்லா கைப்பையை எடுத்தாள். நான் கைப்பையின் வாரைப் பிடித்துக்கொண்டேன். அவள் இழுத்தாள், நான் விடவில்லை. முரசு நிற்காமல் தட்ட, அதன்மேல் வயலின்கள் ஒவ்வொரு படியாக ஏறின. பின்வரிசையில் மூன்று பேர் மூன்று டிராம்போனைத் தூக்கினார்கள். அமலன் கண் எங்கள் வரிசையைத் தேடியது.

பிறகு கதவெல்லாம் திறந்துகொண்டது. வேறெப்படிச் சொல்வதென்று எனக்குத் தெரியவில்லை. இருபது நிமிடத்துக்கு மேலாக அந்தக் கூடத்தில் இல்லாத ஒரு நிறம் ஒரே வீச்சில் வந்து நின்றது, அதன் நடுவில் அப்பாவின் ஊதல் இருந்தது. அகலமாக, பிசிறில்லாமல், அக்கரைக்குக் கேட்கிற மாதிரி. நான் வெட்கமில்லாமல் அழுதேன். முதலிலிருந்தே அதை ஊதியிருந்தால் எனக்கு அழுகை வந்திருக்காது. நாற்பது வருடமாக நான் பிடித்துக்கொண்டிருந்த சட்டம் தப்பு என்று அங்கேதான் ஒப்புக்கொண்டேன்.

ஸ்டெல்லா எழுந்துவிட்டாள். நான் மறுபடி கைப்பை வாரைப் பிடித்தேன். மேடையில் அமலனும் பார்த்திருப்பான். ஆனால் அவள் போகவில்லை. முன்வரிசைத் தலைகளுக்கு மேல் அவனைப் பார்க்க எழுந்திருக்கிறாள். வில் டை பெரியவர் ஓடிவந்து உட்காரச் சொன்னார். அவள் கண்ணை எடுக்காமல் ஜெர்மனில் இரண்டே சொல் சொன்னாள். “என் புருஷன்” என்று அர்த்தம். அவர் தலையாட்டிவிட்டு அவளுக்குப் பக்கத்திலேயே நின்றுகொண்டார். முடியும் வரை அவள் உட்காரவில்லை.

வெளியே குளிரில் அமலன் பெட்டியோடு வந்தான். ஸ்டெல்லாதான் தொடங்கினாள்.

“வீட்டில ஒருக்காலாவது இப்பிடி ஊதியிருக்கலாமே.”

“மேல் வீட்டுக்காரி பொலிசைக் கூப்பிட்டிருப்பா.”

“கூப்பிட்டால் நான் கதைச்சிருப்பன்.”

திங்கட்கிழமை வேலையிலிருந்து வந்ததும் வந்த கையோடு ஸ்டெல்லா மேல் வீட்டுக்குப் போய், கால் மணி நேரத்துக்கு அனுமதி வாங்கி வந்தாள். அடைப்பானைத் தானே பிடுங்கி அலமாரியில் போட்டாள். அமலன் வரவேற்பறையில் நின்று ஊதினான். ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. அவள் சோபாவில் உட்கார்ந்து, கையைக் கட்டிக்கொண்டு, அவனையே பார்த்தபடி கேட்டாள். கால் மணி நேரம் முடிந்ததும் மேலேயிருந்து தரையைத் தட்டுகிற சத்தம் வந்தது. சண்டை என்று நினைத்தோம். “இன்னும் ஐந்து நிமிடம்” என்று கிழவி மாடிப்படியில் நின்று கத்தினாள்.

செவ்வாய் காலை அவனுக்கு டெர்மின், எனக்கு விமானம். பெட்டியை ஸ்டெல்லாதான் என் கையில் கொடுத்தாள். “அண்ணை, இது இஞ்ச கனகாலம் சும்மா இருந்திட்டுது. அங்க முதலில இருந்து கடைசி வரைக்கும் ஊத வையுங்கோ” என்றாள். சரி என்று சொல்லிவிட்டு வந்தேன்.

சொன்னபடி செய்யவில்லை. சென்ற வாரம் மாதா கோயில் தேர். அந்த டிராம்போனை எங்கள் பேண்டில் ஊதுகிற ராயப்பனிடம் கொடுத்து, தேர் கோயில் வாசலுக்குத் திரும்பும் வரை உதட்டில் வைக்கக்கூடாது என்றேன். அவன் படி போய்விடுமோ என்று முழித்தான். படி உண்டு, நீ கேட்டுக்கொண்டே வா என்றேன். நான்கு தெருவும் வாத்தியத்தைத் தூக்கிக்கொண்டு சும்மா நடந்தான். பங்குப் பேரவைத் தலைவர் இரண்டு முறை வந்து, “என்ன மாஸ்டர், அந்த ஆளுக்கு உடம்பு சரியில்லையா?” என்று கேட்டார். வாசலில் தேர் திரும்பியது, ராயப்பன் தூக்கினான். தலைவர் அதற்குப் பிறகு என்னிடம் எதுவும் கேட்கவில்லை.

நான்கு தெருவையும் ஒரு விநாடி வெட்டாமல் போனில் பதிவு செய்து கெல்சென்கிர்ச்சனுக்கு அனுப்பினேன். நாற்பத்தைந்து நிமிடம். அமலனுக்கு வாயில் இன்னும் தையல், பேச முடியாது. ஸ்டெல்லாவிடமிருந்து ஒரு மணி நேரம் கழித்துப் பதில் வந்தது.

“ரெண்டு பேரும் இருந்து கேட்டனாங்கள் அண்ணை. இடையில எழும்பேல்லை.”